எண் பதினொன்று

ஹீலோவிலிருந்து நாற்பது நிமிடம்.
தடம் தொடங்கும் இடத்தில் ஒரு மரப்பெட்டி,
உள்ளே மடித்த தாள்கள்.
'வழிகாட்டி தேவையில்லை, நீங்களே நடக்கலாம்.
தாளுக்கு இரண்டு டாலர், உண்டியலில் போடவும்.'
என்னிடம் இருபதாக ஒற்றை நோட்டு.
திரும்பும்போது பார்த்துக்கொள்ளலாம் என்று
கடனோடு காட்டுக்குள் நுழைந்தேன்.

நுழையுமுன் காலணி தேய்க்க ஒரு தூரிகை.
'வெளி விதைகளை உள்ளே கொண்டுபோகாதீர்கள்.'
ஃப்ரெஸ்னோ மண்ணைக் குனிந்து தேய்த்தேன்,
இடது காலை இருமுறை.

மொத்தம் பதினொரு கம்பங்கள்.
ஒன்று: ஓஹியா மரம்.
அதன் பூவைப் பறித்தால் மழை வருமாம்.
பறிக்கவில்லை.
மூன்று: ஆளுயரம் தாண்டிய பெரணி.
அதன் குருத்து மயிரடர்ந்து சுருண்டிருந்தது,
தூங்கும் குரங்குக்குட்டியின் கைபோல.
நான்கு: கொய்யா, கோலிக்குண்டு அளவில், சிவப்பாக.
'எங்கிருந்தோ வந்து இந்தக் காட்டை நெரிக்கிறது' என்றது தாள்.
ஒன்றைத் தின்றேன். நல்ல இனிப்பு.
விதைகளைத் துப்ப மனம் வராமல்
விழுங்கிவிட்டேன்.

ஆறாவது கம்பத்தைக் காணோம்.
ஐந்துக்குப் பின் ஏழுதான் வந்தது.
தாளில் ஆறுக்கு எதிரே ஒரே வரி:
'இங்கே நின்று கேளுங்கள்.'
எங்கே என்று தெரியாததால்
நடந்த வழியெல்லாம் கேட்டுக்கொண்டே போனேன்.
பெயர் தெரியாத ஒரு பறவை,
என் மழைச்சட்டை உரசும் ஓசை,
அப்புறம், எல்லாவற்றுக்கும் அடியில்
லாரி ஒன்று நகராமல் உறுமுவதுபோல்
அருவி.

குற்றாலத்தில் எண்ணெய் வழிய வரிசையில் நின்று
போலீஸ் விசிலுக்கு முதுகைக் கொடுத்துவிட்டு
முதுகை எடுத்துக்கொண்டு வந்தது தவிர
அருவியோடு எனக்குப் பேச்சுவார்த்தை கிடையாது.
இன்று தனியாகப் பார்க்கப்போகிறேன் என்று
வேகம் கூட்டினேன்.

ஒன்பது: ஓடை.
'கல்மேல் கால் வைத்துக் கடக்கவும்.
நீர் கலங்கியிருந்தால் கடக்காதீர்கள்.'
கல்லே இல்லை.
தேநீர் நிறத்தில் தண்ணீர், கிளைகளோடு.
இங்கே ஒரு துளி மழையில்லை.
மேலே எங்கோ கொட்டியிருக்கிறது.

எதிர்க்கரையில் ஓர் ஆள், கூட ஒரு சிறுமி.
பார்த்துவிட்டுத் திரும்பியவர்கள், மாட்டிக்கொண்டார்கள்.
அவர் ஏதோ கத்தினார். வாய் மட்டும் திறந்து மூடியது.
நானும் கத்தினேன். எனக்கே கேட்கவில்லை.
திரும்பிப் போயிருக்கலாம்.
போனால் அவர்கள் இன்னும் தனியாகிவிடுவார்கள் என்று தோன்றியது.
ஈரப்பாறையில் உட்கார்ந்தேன்.
அவர்களும் உட்கார்ந்தார்கள்.

அவர் வாழைப்பழத்தை உயர்த்திக் காட்டினார்.
நான் முறுக்குப் பொட்டலத்தை.
சிறுமி தன் ஒரு செருப்பைக் காட்டி,
மற்றொன்று போன திசையைக் காட்டினாள்.
அரை மணிக்கொருமுறை அவர் குச்சி நட்டு நீரளந்து
தலையசைத்தார்: இல்லை.
தண்ணீர் ஒரு விரல் இறங்கி, மறுபடி ஏறியது.

கை விரித்துக் கேட்டேன்: அங்கே எப்படி இருந்தது?
அவர் வலது கையைத் தோள் வரை தூக்கினார்.
போதாது என்று எழுந்து தலைக்கு மேல்.
போதாது என்று நுனிக்காலில் நின்றார்.
பிறகு பத்து விரல்களும் நடுங்க நடுங்க
மெதுவாகக் கீழே வந்தன.
முடிவில் சிறுமி
இரு கையையும் விரித்து வாயால் ஊதினாள்.
அது சாரல்.

மூன்றே முக்காலுக்குக் கற்கள் தலைகாட்டின.
முதலில் சிறுமி, அவர் முதுகில்.
வெய்ன் என்றார், கை குளிர்ந்திருந்தது.
"வெளிச்சம் போயிடும், இனி மேலே போகாதீங்க.
ஐயோ, நீங்க பார்க்கவே இல்லையே."
"பார்த்தேன்" என்றேன்.
அவருக்குப் புரியவில்லை. சிறுமி சிரித்தாள்.

தாள் பையில் கூழாகியிருந்தது.
உண்டியலில் இருபதையும் போட்டேன்,
மீதி கேட்க அங்கே யார்?

அறையில் இளங்கீரன், சுளுக்கிய காலில் ஐஸ் கட்டோடு.
"எப்படி இருந்துச்சு? எவ்ளோ உயரம்?"
வலது கையைத் தோள் வரை தூக்கினேன்.
தலைக்கு மேல்.
போதாமல்,
சேற்றுக் காலோடு
கட்டில்மேல் ஏறி நின்றேன்.