வாய் மூன்று முறை திறக்கிறது

செகிமோட்டோ என்று ஒருவர்.
பதினோரு வருஷமாக அவர் வசனத்துக்கு
படந்தாலுமூட்டில் உட்கார்ந்து
நான்தான் தமிழ் எழுதுகிறேன்.
அவர் பெயர் கடைசியில் வரும்,
விளம்பரம் வெட்டிவிடும்.
என் பெயர் வராது.

பொம்மையின் வாய் மூன்று முறை திறந்தால்
மூன்று அசை.
அவர் அங்கே என்ன சொல்லியிருந்தாலும்
இங்கே ‘போயிரு’ என்றோ ‘தெரியும்’ என்றோ
மூடியாக வேண்டும்.
சோதனைச்சாவடியில் கோழி லாரி உறுமினால்
ஹெட்போனை அழுத்திக்கொள்வேன்.

ஒருமுறை ரோபோவை
‘வெப்ராளமா இருக்கு மக்களே’ என்று அழவிட்டேன்.
சென்னையிலிருந்து போன்:
‘என்னங்க, மலையாளமா இது?’
பாறசாலையில் அதைத்
தமிழ் என்று சிரிப்பார்கள்.

நேற்று கடைசிப் பாகம் வந்தது.
ரயில்வே கேட். அந்தப் பெண்.
ஒன்பது நொடி.
முதுகு காட்டி நின்றால் எதையாவது சொருகலாம்,
எத்தனை முதுகுகளில் சொருகியிருக்கிறேன்!
மனுஷன் முகத்தைக் காட்டிவிட்டார்,
உதடு அசையவில்லை.
தெரிந்தேதான் செய்திருக்கிறார்.

‘காலியா விடாதீங்க ரெஜினாள், சேனலை மாத்திருவாங்க.’

விட்டுவிட்டேன்.

வரிக்குப் பதினெட்டு ரூபாய்.
இந்த ஒன்பது நொடியை
பில்லில் எப்படி எழுதுவது,
அதுதான் இன்னும் பிடிபடவில்லை.