மார்கழியில் கமெரா சும்மா கிடக்கும்

தவமலர் நடித்த படங்களில் எல்லாம்
ஏன் பனி விழுகிறது என்று
பாரிசிலிருந்து வந்த விமர்சகர் கேட்டார்.
அகதி மனத்தின் குறியீடு என்று
அவரே பதிலும் எழுதிக்கொண்டார்.

மார்கழியில் கலியாணம் இல்லை.
ரட்ணசிங்கத்தின் கமெரா
அந்த ஒரு மாதம்தான் சும்மா கிடக்கும்,
வாடகையும் பாதி.
வுப்பர்டாலில் மார்கழி என்றால்
பனி கூப்பிடாமலே நடிக்க வரும்.

முதல் படத்தில் அவள் காத்திருந்தாள்.
இரண்டாவதில் காத்திருந்து செத்தாள்.
மூன்றாவதில் செத்தபிறகும்
சுவரில் படமாய்த் தொங்கிக் காத்திருந்தாள்.
நான் ஒலிவாங்கியைத் துடைப்பத் தடியில் கட்டி
அவள் தலைக்கு மேலே பிடித்தபடி நின்றேன்.
கை சோர்ந்தால் நிழல் நெற்றியில் விழும்.
விழுந்தது. படத்திலும் இருக்கிறது.
பொட்டு என்று நினைத்திருப்பார்கள்.

நாலாவது படம்.
பார்மனில் யாருடையதோ வரவேற்பறை.
சோபாவை ஒதுக்கி
வெள்ளை வேட்டி விரித்து அவளைக் கிடத்தினோம்,
மூக்கில் பஞ்சு.
ஐந்து பெண்கள் ஒப்பாரி வைக்க
கீழ்வீட்டு ஃபிரௌ கெர்லாக் ஓடிவந்து
யாருக்கு என்ன என்று பதறினாள்.
அவளுக்கு விளக்கி, தேநீர் கொடுத்து அனுப்பி
மறுபடி கமெரா ஓடியபோது
பிணம் ஒரு கண்ணைத் திறந்தது:
"மாலை முந்தி இடப்பக்கம் சரிஞ்சு கிடந்தது.
ஜன்னல் வெளிச்சமும் போயிட்டுது.
விடிய எடுத்ததோட இது ஒட்டாது, தம்பிமார்."

இயக்குநர் சேந்தன்
ஒரு சிகரெட் முடியும்வரை பேசவில்லை.
பிறகு கொப்பியை அவளிடம் நீட்டினான்.
அன்றிலிருந்து
தான் சாகிற காட்சிகளுக்கும்
அவளே கணக்கு வைத்தாள்:
எத்தனையாம் தடவை, எந்தச் சேலை,
கண்ணீர் எந்தக் கண்ணில் முதலில்.

எல்பர்ஃபெல்டில் ரட்ணசிங்கத்தின் கடைப் பின்னறை.
பகலில் தாலிகட்டு, பூப்புனித நீராட்டு.
இரவு பத்துக்குப் பிறகு அவள்.
ஜன்னலுக்கு வெளியே, ஆற்றுக்கு மேலே
தொங்கு ரயில் போகும்போது
இரண்டு திரையும் ஒருமுறை நடுங்கும்.
கடைசி ரயில் போனபின்தான் வெட்டுவாள்.

முதலில் வெட்டியது தன் அழுகையை.
பதினோராம் தடவையில், வெங்காயம் இல்லாமல்
உண்மையாகவே வந்த அழுகை.
நாற்பது விநாடி. மூன்றாக்கினாள்.
"பாவம் அக்கா, வைச்சிருங்கோவன்" என்றேன்.
"அழுறவளுக்குத்தான் அது நாப்பது.
பாக்கிறவனுக்கு மூண்டு காணும்."

ஆறாவது படம் அவள் எடுத்தது.
யாரும் சாகவில்லை.
ஒருத்தி இரவில்
பல் வைத்தியரின் அறையைக் கூட்டுகிறாள்,
வேலை முடித்து அந்த நாற்காலியில் ஏறிப் படுக்கிறாள்,
விளக்கைத் தன் முகத்துக்கு இழுக்கிறாள்,
வாயைத் திறக்கிறாள்.
பதினெட்டு நிமிடம். பாட்டில்லை.
துடைப்பத்தோடு நடிக்க வேறு ஒருத்தியும் வரவில்லை,
அவளே நடித்தாள்.
துடைப்பத்தின் தலை அவளிடம்
தடி வழக்கம்போல என்னிடம்.
படுத்தபடி வாய் திறந்து "ஆ" என்றால்
கமெராவை நிறுத்த வேண்டும்.
இருமுறை பிந்திவிட்டோம்;
அந்த இரண்டையும்தான் அவள் படத்தில் வைத்தாள்.

சோலிங்கன் தமிழ்ப் பாடசாலை ஆண்டுவிழா,
பேச்சுப் போட்டிக்கும் கொத்துரொட்டிக்கும் நடுவே காட்டினோம்.
பாதிச் சனம் ரொட்டிச் சத்தம் கேட்டு எழும்பிவிட்டது.
மிச்சப் பேர் இருட்டில் வாயை
மெல்லத் திறந்து வைத்திருந்ததை
நான் பின்வரிசையில் நின்று பார்த்தேன்.

கடைசியில் பெயர்கள் ஓடின.
படத்தொகுப்பு எழிலன்.
உடை பத்மாசனி.
தயாரிப்பு நிர்வாகம் குகநேசன்.
எல்லாம் அவள்தான்.
"ஒரு பொம்பிளை தனிய எடுத்ததெண்டால்
பாவம் பாத்துக் கைதட்டுவினம்" என்றிருந்தாள்.
உண்மைப் பெயர் என்னுடையது மட்டும்,
அதிலும் ஓர் எழுத்துப் பிழை.

வெளியே பனியில்
டோர்ட்முண்ட் ஐயா ஒருவர் அவளை மறித்தார்.
தேவையில்லாமல் ஒண்டும் நீட்டேல்லை,
நல்ல பொறுப்பான பிள்ளைபோல,
அந்த எழிலன் எந்த ஊர், கலியாணம் கட்டிட்டாரோ,
எனக்கொரு மகள் இருக்கிறாள் என்றார்.

தவமலர் கையுறையைக் கழற்றாமல்
கொத்துரொட்டியை ஒரு வாய் மென்றாள்.
"நல்ல பொடியன்தான் ஐயா.
ஆனா அவருக்கு
மார்கழியில மட்டுந்தான் நேரம்."