நொடிக்கு இரண்டு சுற்று

நீதிமன்றத்துக்கு மூன்று சுவர்தான்.
நான்காவது சுவர் இருக்கவேண்டிய இடத்தில்
நானும் காமிராவும்.
கண்ணாடிக் கூரைமேல் நியூஜெர்சியின் நவம்பர் மழை.
"நிறுத்து என்று நான் சொல்லும்வரை
கூரையே விழுந்தாலும் சுற்று"
என்பார் டைரக்டர் ஓபர்ஹோல்ட்.
நொடிக்கு இரண்டு சுற்று. அதுதான் என் வேலை.

கதை பெரிதாக ஒன்றுமில்லை.
எல்மர் டகெட் மூன்று பெண்களுக்கு
ஒரே மோதிரத்தைப் போட்டுக் கழற்றியிருக்கிறான்.
மூவரும் வழக்குப் போடுகிறார்கள்.
நீதிபதிக்குப் பஞ்சு மீசை, காது மந்தம்.
ஜூரிகளோடு ஓர் ஆடும் உண்டு,
என்னைவிட அதற்குக் கூலி அதிகம்.

சத்தியம் செய்ய எல்மர் கையைத் தூக்கினான்,
கால்சட்டை இறங்கியது.
அப்போது பார்த்து ஒருவர் உள்ளே வந்தார்.
நனைந்த தொப்பி.
முகத்தில் பூச்சு இல்லை.
ஒரு காகிதத்தை எல்மரின் கையில் திணித்துவிட்டு
ஆட்டைத் தாண்டிப் போய்விட்டார்.

எல்மர் காகிதத்தைப் பார்த்தான்.
பிறகு நேராக என்னைப் பார்த்தான்.

"அடடா, இன்றைக்குத்தான் நடிக்கிறான்!"
ஓபர்ஹோல்ட் தொடையில் அடித்துக்கொண்டார்.
யாரும் நிறுத்தச் சொல்லவில்லை.
சுற்றினேன்.

நிஜமான சம்மன் அது.
கோரா லிண்ட்க்விஸ்ட், ஹோபோக்கன் சலவைக்கடையில்
இஸ்திரி போடுகிறவள்.
கல்யாண வாக்கை மீறியதற்கு நஷ்டஈடு
ஐயாயிரம் டாலர்.
சாட்சியம்: பித்தளை மோதிரம் ஒன்று,
கடிதங்கள் பதினேழு.

எல்மர் கைநாட்டு.
கடிதத்துக்கு ஒரு சுருட்டு என்று பேசி
பதினேழு சுருட்டு பிடித்தவன் நான்.
அவள் மணிக்கட்டில் சூடுபட்ட தழும்பு இருக்கிறது,
அவ்வளவுதான் அவன் சொன்னான்.
மீதியெல்லாம் நானே எழுதினேன்.
எட்டாவது கடிதத்துக்குப் பிறகு
சுருட்டு தராவிட்டாலும் எழுதியிருப்பேன்.

அசல் நீதிமன்றத்துக்கு நான்கு சுவர்.
குமாஸ்தா மூக்கால் வாசித்தார்,
"உன் தழும்பின்மேல் ஆணையாக..."
அங்கேயும் எல்லாரும் சிரித்தார்கள்.
எழுதியது யார் என்று எவரும் கேட்கவில்லை.
எண்ணூறு டாலரில் முடிந்தது.

படம் ஓடியது, நன்றாகவே.
எல்மர் காமிராவைப் பார்க்கும் இடத்தில்தான்
கொட்டகை அதிரும்.
ஹோபோக்கனில் ஒரு சனிக்கிழமை
கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தேன்.
ஜனம் உருண்டு புரண்டது.
மூன்றாம் வரிசையில் ஒருத்தி மட்டும்
அவன் யாரைப் பார்க்கிறான் என்று
மெல்லத் திரும்பிப் பார்த்தாள்.

தொப்பி விழுந்துவிட்டதுபோல
நான் குனிந்துகொண்டேன்.
தொப்பி என் தலையில்தான் இருந்தது.