குறிப்பில் இல்லாத நிழல்

இது மூன்றாவது ஆவணப்படம்.
முதலாவதில் என் பெயர் தப்பாக வந்தது.
இரண்டாவதில் பெயரே இல்லை, கைகள் மட்டும்:
பால் பெட்டியை அறுத்து
செந்தூல் அடுக்குமாடிக்கு ஜன்னல் வெட்டும் கைகள்.

பகலில் கயிறு அழிப்பது என் வேலை.
பறக்கும் நாயகனின் இடுப்பிலிருந்து,
நொடிக்கு இருபத்து நான்கு சட்டகம்,
அவன் தானாகவே பறக்கிறான் என்று
நீங்கள் நம்பும்வரை.

சனிக்கிழமை இரவானால்
ஜாலான் ஈப்போ கடைவீட்டு மாடியில்
நாங்களே கயிறு கட்டுகிறோம்.
ஷம்சுல் ராட்சதனுக்குள் இறங்குவான்.
மெத்தை நுரை, ரப்பர் பசை, முதுகில் ஜிப்;
உள்ளே நான்கு நிமிட மூச்சுதான்.
குவோக் வெய் ஏணிமேல் நின்று வாலை இழுப்பான்.
நான் தரையோடு தரையாய்ப் படுத்து
"மிதி" என்பேன்.
மூன்று வாரம் கட்டிய ஊர்
பதினோரு நொடியில் போகும்.
கயிறு தெரியும்.
தெரியட்டுமே.

ஒசாகாவிலிருந்து வந்த ஹயாசே கேட்டார்:
ஜப்பானை ஏன் இவ்வளவு நேசிக்கிறீர்கள்?
நான் போனதேயில்லை.
இடியப்போகிற வீட்டுக்கும்
உள்சுவரில் வர்ணம் அடிப்பார்களாம்,
அது பிடிக்கும் என்றேன்.
மொழிபெயர்ப்பாளர் மூன்றே சொல்லில் முடித்துவிட்டார்.
ஹயாசே பலமாகத் தலையசைத்தார்.

சம்பளம் உண்டா என்றாள் அக்கா.
நாசி லெமாக் பொட்டலம், இரண்டு.

மார்ச்சில் அந்தப் படம்
எங்கள் அலுவலகத்துக்கே வந்தது,
துப்புரவு வேலைக்கு, மலிவு விலைக்கு.
என் முகம் என் மேசைக்கே.
கூடவே குறிப்பு:
போத்தலின் முத்திரையை நீக்கவும்.
கன்னத்து வியர்வையைக் குறைக்கவும்.
பின்சுவரில் தமிழ் நாட்காட்டி,
கவனம் சிதறுகிறது, நீக்கவும்.

நீக்கினேன். சுத்தமாகவே நீக்கினேன்,
தொழிலில் நான் மோசம் இல்லை.
நல்ல நேரம், எமகண்டம்,
மயில், வேல், அச்சகத்தின் தொலைபேசி எண்
எல்லாவற்றின் மேலும் வெறும் சுவர் பூசினேன்.
மின்விசிறிக் காற்றில் அது ஆடிக்கொண்டே இருந்தது.
ஆடுவதை அழிப்பது சிரமம்.
இருநூற்று அறுபத்து நான்கு சட்டகம்;
கணக்குப் போட்டால்
அதுவும் பதினோரு நொடி.

அதன் நிழலும் சுவரில் ஆடியது.
நிழலைப் பற்றிக் குறிப்பில் ஒன்றுமில்லை.

படம் ஓடிய இரவு
யாரும் எதுவும் சொல்லவில்லை.
ஷம்சுல் மட்டும் கேட்டான்,
"உன் பின்னால் என்ன ஆடுது?"

காற்று என்றேன்.
அடுத்த சனிக்கு
பால் பெட்டி இன்னும் நாற்பது வேண்டும்,
மறக்காமல் கொண்டுவா என்றேன்.