எலிக் கணக்கு

சம்மாந்துறை அரிசி ஆலையின் அலுவலகத்தில்
மின்வெட்டு முடியட்டும் என்று இருந்தோம்.
மேசையில் என் மூன்றாம் அத்தியாயம்.
பக்கத்தில் பஸ்மிலாவின் பற்றேடு.

பதினெட்டு வருடமாக ஒரே மாவின் பின்னால் போகிறேன்.
யாக்கூட்ஸ்கில் மூட்டையாகி,
குதிரை சேற்றில் விழ இன்னொரு குதிரைக்கு மாறி,
ஓகோட்ஸ்க் துறையில் நனைந்து, கப்பலேறி,
சிட்காவில் இறங்கும்போது
கோடரியால் கொத்தவேண்டிய ரை மாவு.
அலூட் வேட்டைக்காரன்
கடல்நீர்நாய்த் தோலை வைத்துவிட்டு
அதைத்தான் வாங்கிப் போனான்.

நான் பெரியகல்லாற்றான்.
பனியை நுண்படச் சுருளில் மட்டும் கண்டவன்.

பண்டசாலைக் கணக்கில்
வருடா வருடம் நாற்பது பூட் குறையும்.
காரணம் என்ற கட்டத்தில் ஒரே சொல்: எலி.
ஈரம், ஓட்டைக் கூரை, காவல் குறைவு என்று
நானும் விளக்கம் எழுதினேன்.
ஓர் எலி நாளுக்கு எத்தனை கிராம் தின்னும் என்றுகூட
ஓர் அடிக்குறிப்பு, அறுபத்தொன்று.

பஸ்மிலா அதை வாசித்துச் சிரித்தாள்.
"உங்கட எலி எண்ணித்தானே திங்குது சேர்!
நாப்பது, நாப்பது, நாப்பது."

தன் ஏட்டைப் புரட்டினாள்.
உரம் வராத அந்தப் பெரும்போகம்,
பாணுக்கும் வரிசை நின்ற மாதங்கள்.
கிழமைக்கொரு தடவை, அவள் கையெழுத்தில்:
எலி, பதினாலு கிலோ.

"கூட்டுற பொம்புளையள் ஏழு பேர்.
ஆளுக்கு ரெண்டு."

முதலாளிக்குத் தெரியுமா?

"கீழ கையெழுத்து ஆர்ர எண்டு பாருங்க."

களவெட்டியில் நெல்லை நெல் என்று சொல்லோம்,
பொலி என்போம்;
பூதம் கேட்டால் அள்ளிக்கொண்டு போய்விடும்.
ஏட்டுக்கும் ஒரு பூதம் உண்டு,
பீற்றர்ஸ்பேர்க்கில் கண்ணாடி போட்டுக்கொண்டு
கூட்டுத்தொகை பார்த்தபடி.

ஆனால் அந்த நாற்பது பூட்டை
யாருக்கும் கொடுத்தார்கள் என்று எப்படிச் சொல்வேன்?
பண்டசாலைக்காரன் இரவில் விற்றிருக்கலாம்,
குடித்திருக்கலாம்.
உண்மையான எலியும் கொஞ்சம் தின்றிருக்கும்.

மின்சாரம் வந்தது.
ஆலை உறுமி, தவிட்டுத் தூசி
என் பக்கங்களில் இறங்கியது.
அறுபத்தொன்றை வெட்டினேன்.
அந்த இடம் இன்னும் வெறுமை.

இயந்திர இரைச்சலுக்கு மேலால்
பஸ்மிலா கேட்டாள்:
"அங்க ஆரு சேர் கூட்டினது?"

பதினெட்டு வருடம்.
நான் தேடவே இல்லை.