வாசனை: இல்லை

தார்த்துவில் நவம்பர் வந்தால்
மூன்றரை மணிக்கே ஜன்னல் கறுத்துவிடும்.
நுண்ணோக்கியின் விளக்கு காலையிலிருந்தே எரிகிறது.
இது நூற்றுப் பன்னிரண்டாவது உறை.

எல்மார் ரூஸ்தே, பார்னு, 1974 அக்டோபர் 6.
ஊசியிலை மரத்தடி, ஈரப்பாசி.
தொப்பி: கருஞ்சிவப்பு, நடுவில் ஏறக்குறைய கறுப்பு,
விளிம்பில் திராட்சைத் தோலின் மினுக்கம்.
சுவை: காரமில்லை.
வாசனை: இல்லை.
அந்த இல்லைக்குக் கீழே
அழுத்தமாக ஓர் அடிக்கோடு.

பிறகு அவர் வைத்த பெயர்.
அந்தப் பெயரை நம்பி
ஐம்பது ஆண்டுகளாகப் பெட்டிக்குள் கிடந்திருக்கிறது
காய்ந்த ஆரஞ்சுத் தோல் மாதிரி ஒன்று.

பிளேடால் ஒரு செதில்,
நகக்கண் அழுக்கைவிடச் சிறியது.
அயோடின் கரைசல் ஒரு சொட்டு.
மூடுகண்ணாடியைப் பென்சிலின் பின்முனையால்
மெல்ல அழுத்துகிறேன்.
முதலில் மஞ்சள் மூட்டம்.
மூட்டத்துக்குள் பளீரென ஒரு வட்டம்:
காற்றுக்குமிழி.
இத்தனை வருடத்துக்குப் பிறகும் என்னை ஏமாற்றுகிறது.
பிறகுதான் வித்துகள்.

முட்கள் கருநீலமாக எழுந்து நிற்கின்றன,
ஹீயுமா தீவின் கடலோரக் கற்களைப் போல்
ஒன்றையொன்று தொடாமல்.
எல்மார், நீங்கள் சொன்ன காளானுக்கு
முள்ளுக்கு முள் மெல்லிய கோடு ஓட வேண்டும்.
இங்கே கோடே இல்லை.

முப்பது வித்துகளை அளக்க வேண்டும்.
ஒன்பது மைக்ரான். ஒன்பதரை. எட்டே முக்கால். பத்து.
குல்லிக்கி வந்து காபி வேண்டுமா என்றாள்,
எண்ணிக்கை போய்விட்டது.
மறுபடி ஒன்பது.

கடைசியாகக் காய்ந்த சதையில்
இரும்பு சல்பேட்.
காத்திருந்தேன்.
பச்சை.
அழுக்குப் பச்சைதான், ஆனால் பச்சை.

அந்த இனத்தைக் குழந்தைகள்கூட மூக்கால் பிடிப்பார்கள்.
வேகவைத்த நண்டு, நேற்றைய மீன்.
ஒன்றை எடுத்துப் போட்டால்
கூடை முழுக்க நாறும்.
எப்படித் தவறவிட்டீர்கள்?
விளிம்பின் மினுக்கத்தைக்கூட எழுதிய மனிதர்!
எனக்குக் கோபமே வந்தது.

உறையைத் திரும்ப மடிக்கும்போதுதான் பார்த்தேன்.
உட்புறம் ஒரு நீல வால்,
தன் மீனைவிட்டு இரண்டு விரற்கடை தள்ளி.
அச்சுப் பிசகிய டப்பா லேபிள்.
பார்னு மீன் ஆலை, எண்ணெயில் ஊறிய மத்தி, 240 கிராம்.
முந்தைய உறைகளை எடுத்துப் பிரித்தேன்.
எல்லாவற்றிலும் மீன்.
நூற்றுப் பதினொரு முறை திறந்தேன்,
காளானை மட்டுமே பார்த்தேன்.

வேலை முடிந்து நேரே காட்டுக்குப் போயிருப்பார் என்று
நினைத்துக்கொண்டேன்.
நாள்காட்டியைத் தேடினால்
அன்று ஞாயிற்றுக்கிழமை.
அப்படியென்றால்
விடுமுறையிலும் கழுவிப் போகாதது.
கோட்டில், கூடைப்பிடியில், விரலிடுக்கில்.
காளானை மூக்கருகே கொண்டுபோய்
நேர்மையாக முகர்ந்திருக்கிறார்.
புதிதாக ஒன்றும் வரவில்லை.

பழைய சீட்டை நாங்கள் கிழிப்பதில்லை.
அதன்மேல் ஒட்டுவதும் இல்லை.
பக்கத்தில் இன்னொரு சீட்டு, அவ்வளவுதான்:
சரியான பெயர், என் கையெழுத்து, இன்றைய தேதி.
வாசனை என்ற இடத்தில் பேனா நின்றது.

உறைக்குள் மூக்கை நுழைத்து இழுத்தேன்.
காகிதம்.
கொஞ்சம் நாப்தலீன்.
குல்லிக்கி ஆறவைத்துவிட்டுப் போன காபி.

இல்லை, என்று எழுதினேன்.
அடிக்கோடு போடவில்லை.