இப்படிக்கு

காளயுக்தி வருஷம் ஆவணியில்
பாளையங்கோட்டைக் கச்சேரிக்குப் புதுத்துரை வந்தார்.
வயது இருபத்துநாலு. வெயிலில் மூக்கு உரிந்திருந்தது.
தமிழில் மூன்று சொல் தெரியும்:
தண்ணி, குதிரை, சீக்கிரம்.
எனக்கு அவர் பாஷை தெரியும்,
வேதக்கோயில் பள்ளியில் அடி வாங்கிய அளவுக்கு.

அவர் எழுதிய முதல் காகிதம்
வேலங்குளம் கெச்சிலப்ப நாயக்கருக்கு.
நிலுவைக் கிஸ்தி இரண்டாயிரத்து முந்நூற்றுப் பத்துப் பொன்,
பன்னிரண்டு நாளில் கட்ட வேண்டியது.
கோட்டையின் கிழக்கு மதிலை
உம்முடைய சொந்த ஆள் வைத்தே இடிக்க வேண்டியது.
பீரங்கி இரண்டையும் வண்டியேற்றி அனுப்ப வேண்டியது.
தவறினால் கனம் பொருந்திய கும்பினியாருக்கு
மிகுந்த மனவருத்தம் உண்டாகும்.

மனவருத்தம் என்றால் அவர்கள் ஊரில்
ஆயிரம் சிப்பாய்.
அதை நான் எழுதவில்லை.

அடியில், பழக்கம் போகாமல்,
பட்டணத்து மேலதிகாரிக்கு எழுதுவதுபோலவே
ஒரு வரி போட்டுக் கையெழுத்திட்டிருந்தார்.
"இந்த வரி வேண்டுமா?" என்றேன்.
"ஓர் எழுத்துக் கூட்டாதே, ஓர் எழுத்துக் குறைக்காதே."
ஆகட்டும்.

சீவலப்பேரி தாண்டியதும்
கரிசல் வெடிப்பில் சக்கரம் இறங்கி அச்சு முறிந்தது.
ஒரு ராத்திரி உழுத காட்டில் கிடந்து
போய்ச் சேர்ந்தபோது நாயக்கர் வெற்றிலை மென்றுகொண்டிருந்தார்.
நின்றபடி வாசித்தேன்.
பொன்னுக்கு அவர் முகம் மாறவில்லை. மதிலுக்கு மாறியது.
பிறகு அந்த வரி:
"இப்படிக்கு, தங்களுடைய மிகவும் கீழ்ப்படிந்த,
தாழ்மையுள்ள ஊழியன்."

மெல்லுவது நின்றது.
"திரும்பப் படி."
படித்தேன்.
"அவன் கைப்பட எழுதினதா?"
"கைப்படத்தான், மகாராசா."
முதலில் தளவாய் சிரித்தார், அப்புறம் குதிரைக்காரன்.
சிரிப்பு மதில்மேல் ஏறி
காவல்காரன் வரைக்கும் போயிற்று.

நாயக்கர் சொல்லச் சொல்ல எழுதினேன்:
"நம் ஊழியன் துரைக்கு.
ஊழியன் எசமானிடம் கேட்பதற்குப் பெயர் கிஸ்தி அல்ல, சம்பளம்.
கேட்க வெட்கப்பட வேண்டாம்.
கம்பு ஒரு கோட்டை, வேட்டி ஒன்று,
கருப்பட்டி ஒரு சிப்பம் அனுப்பியிருக்கிறோம்.
மதிலைப் பற்றி ஊழியனுக்கு என்ன?"

சிப்பத்தில் எறும்பு ஏற ஏற
வழியெல்லாம் அதை இங்கிலீஷில் ஆக்கிப் பார்த்தேன்.
எப்படி ஆக்கினாலும் போவது என் கழுத்து.
நாயக்கர் மிகுந்த வணக்கத்துடன்
நிலுவையில் ஒரு பகுதிக்குத் தானியம் அனுப்பியிருக்கிறார்
என்று எழுதிக் கொடுத்தேன்.
துரை வரவில் வைத்தார்.
கருப்பட்டியை முகர்ந்து பார்த்துக் குதிரைக்குப் போட்டார்.

பன்னிரண்டு நாள் எழுபது நாளாயிற்று.
அதற்குள் வேலங்குளத்தில் மழை இறங்கியது,
பருத்தி விதைத்தார்கள்,
நாயக்கர் மகளுக்குப் பந்தல் போட்டார்கள்.
என்னால்தான் என்று நான் சொல்ல வரவில்லை.

இரண்டாவது காகிதத்தில் அந்த வரி இல்லை,
அரக்கு முத்திரை மட்டும்.
அதைக் கொண்டுபோக என்னைக் கூப்பிடவில்லை.
பின்னாலேயே பீரங்கி போயிற்று.

தை மாதம் புகை அடங்கியதும்
சாமான் கணக்கெழுத வரச்சொன்னார்கள்.
குத்துவிளக்கு நாலு.
வேல்கம்பு அறுபத்தொன்று, அதில் முறிந்தது பதினெட்டு.
பந்தல்கால் பதினாறு, கரிந்தது.
பனைநார்ப் பெட்டி ஒன்று,
உள்ளே பட்டுத்துணியில் சுற்றி
என் கையெழுத்து.
கடைசி வரியின் கீழே மஞ்சளால் கோடு இழுத்திருந்தது.
விரலால் இழுத்த கோடு.

"காகிதம் ஒன்று. விலை இல்லை"
என்று எழுதினேன்.

கணக்கை முடித்து,
துரை கற்றுக்கொடுத்த முறைப்படி அடியில்:
"இப்படிக்கு, தங்களுடைய மிகவும் கீழ்ப்படிந்த,
தாழ்மையுள்ள ஊழியன்,
துபாஷி சவரிராயன்."

துரை அந்த வரி வரைக்கும் படிக்கவில்லை.
மை காயட்டும் என்று
மணல் தூவினார்.